மேசையில் இரண்டு உறை: எந்தக் கணக்கை நம்பி எடுப்பது?

வீட்டு ஓனரம்மா இரண்டு உறைகளை மேசையில் வைக்கிறார். ஒன்று திறந்திருக்கிறது, உள்ளே 10,000 ரூபாய், எண்ணிப் பார்த்துக்கொள்ளலாம். இன்னொன்று ஒட்டியிருக்கிறது. அதில் 3 லட்சத்துக்குக் காசோலை இருக்கலாம், வெறும் வெள்ளைத்தாளும் இருக்கலாம். ஒட்டிய உறையை மட்டும் எடுத்துக்கொண்டு போகலாம். இரண்டையும் சேர்த்தும் எடுக்கலாம். ஆனால் நேற்று ராத்திரியே அந்த அம்மா உங்களைப் பற்றி ஓர் ஓலைச்சுவடியைப் படித்துவிட்டார். ஒட்டிய உறை போதும் என்று கிளம்புவீர்கள் என்று ஏட்டில் இருந்தால் காசோலையை வைத்திருப்பார். இரண்டுக்கும் கை நீட்டுவீர்கள் என்று இருந்தால் வெள்ளைத்தாள். இதுவரை அந்த ஏடு பத்துக்கு ஒன்பது முறை பலித்திருக்கிறது.

அல்சூர் ஏரிப் பக்கத்துச் சந்து ஒன்றில் நடப்பதாக என் நண்பர் எழுதிக்கொண்டிருக்கும் அறிவியல் புனைகதை இப்படித் தொடங்குகிறது. ஆள் கே.ஜி.எஃப். தமிழர். தங்கவயலிலிருந்து தினமும் ரயிலேறி பெங்களூருக்கு வேலைக்கு வந்து போகிறவர், எழுதுவதெல்லாம் அந்த ரயிலில்தான். 3 லட்சம் என்ற தொகை எப்படி வந்தது என்று இந்த ஊரில் வீடு தேடி அலைந்தவர்களுக்கு விளக்கத் தேவையில்லை: 30,000 வாடகை, 10 மாத அட்வான்ஸ். அட்வான்ஸை முழுசாகத் திருப்பிக் கொடுக்கும் ஓனர்தான் கதையில் நம்ப முடியாத இடம், ஏடுகூட அதற்கு அப்புறம்தான் என்று நான் சொன்னேன். பெயின்டிங்குக்கு ஒரு மாச வாடகையைக்கூடவா பிடிக்க மாட்டார்?

"அண்ணே, கதாநாயகி எதை எடுக்கணும்? எந்தக் கோட்பாட்டை நம்பி எடுக்கணும்?" என்று கேட்டார். கையில் நான்கு இருக்கின்றன. மூன்று, முடிவெடுப்பது பற்றிய விவாதங்களில் ஏற்கெனவே அடிபடுபவை. நான்காவது நண்பரின் சொந்தச் சரக்கு: இன்று எடுக்கும் முடிவு பின்னோக்கிப் போய் நேற்று ராத்திரியைத் தொடும், விளைவு முன்னே வரும், காரணம் பிறகு வரும். அதற்கு 'பின்னீர்ப்பு' என்று பெயர் வைத்திருக்கிறார். கதைக்கு எது தோது, நம் பிழைப்புக்கு எது தோது என்று இரண்டையும் சேர்த்தே பார்த்தேன். விடை ஒன்றாக வரவில்லை.

உறைப் புதிரும் நண்பருடையது அல்ல. கலிஃபோர்னியாவில் லிவர்மோர் ஆய்வகத்தில் இருந்த வில்லியம் நியூகோம்ப் என்ற இயற்பியலாளர் 1960-ல் யோசித்தது. 1969-ல் ராபர்ட் நோசிக் அதைத் தத்துவக் கட்டுரையாக்கினார். 1973-ல் மார்ட்டின் கார்ட்னர் தன் பத்திரிகைப் பத்தியில் எழுதியதும் ஊரெல்லாம் பரவியது. மூலத்தில் உறைகளுக்குப் பதில் இரண்டு பெட்டிகள்; ஒன்றில் ஆயிரம் டாலர், மற்றதில் பத்து லட்சம் டாலர் அல்லது ஒன்றுமில்லை. கேட்டவர்களில் பெரும்பாலோருக்கு விடையில் சந்தேகமே இல்லை, ஆனால் அவர்கள் ஏறக்குறையச் சரிபாதியாகப் பிரிந்து எதிர்த்தரப்பை முட்டாள் என்று நினைக்கிறார்கள் என்று நோசிக் அப்போதே எழுதிவிட்டார். இன்றும் அந்த நிலைமைதான். 2020-ல் தத்துவக்காரர்களிடையே எடுத்த கணக்கெடுப்பில் இரண்டையும் எடுப்போம் என்றவர்கள் 39 சதவீதம், ஒன்று போதும் என்றவர்கள் 31 சதவீதம். மிச்சப் பேர் இப்படியும் அப்படியுமாக நழுவிவிட்டார்கள்.

காரணவழி: இரண்டையும் எடு

உறை நேற்றே ஒட்டியாயிற்று. இப்போது நீங்கள் எதை எடுத்தாலும் உள்ளே இருக்கும் தாள் காசோலையாக மாறாது, காசோலை தாளாகவும் மாறாது. காசோலை இருந்தால் இரண்டையும் எடுத்தவருக்கு 3,10,000, ஒன்றை எடுத்தவருக்கு 3,00,000. இல்லையென்றால் ஒருவருக்கு 10,000, மற்றவருக்கு வெறுங்கை. எப்படிப் பார்த்தாலும் இரண்டையும் எடுத்தவர் 10,000 முன்னால் நிற்கிறார். அப்புறம் என்ன யோசனை?

ஆலன் கிப்பர்டும் வில்லியம் ஹார்ப்பரும் 1978-லும், டேவிட் லூயிஸ் 1981-லும் இதை முறையான கோட்பாடாக ஆக்கினார்கள். என் செயல் எதை உண்டாக்குமோ அதை மட்டும் கணக்கில் எடு. ஏற்கெனவே நடந்து முடிந்ததைத் தொடாதே. நாம் அன்றாடம் எடுக்கும் முடிவுகளில் முக்கால்வாசிக்கு இது போதும். சில்க் போர்டு ஜங்ஷன் டிராஃபிக் நீங்கள் எப்படிப்பட்டவர் என்று பார்த்து நெரிவதில்லை. மழை உங்கள் மனசைப் படித்துவிட்டுப் பெய்வதில்லை.

சங்கடம் ஒன்றே ஒன்றுதான். இந்தக் கணக்கைப் போடுகிறவர்கள் பத்தில் ஒன்பது பேர் 10,000 ரூபாயோடு வீட்டுக்குப் போகிறார்கள். 'அவ்வளவு புத்திசாலி என்றால் பாக்கெட் ஏன் காலி?' என்ற கிண்டலை லூயிஸே எடுத்துக்கொண்டு தனியாக ஒரு கட்டுரை எழுதினார். பரிசை அறிவுக் குறைவானவர்களுக்கென்றே ஒதுக்கி வைத்திருக்கிறார்கள், அதற்கு நாங்கள் என்ன செய்ய முடியும் என்பதுதான் அவர் பதிலின் சாரம். அந்தப் பதிலில் என்னால் குறை கண்டுபிடிக்க முடியவில்லை. அதற்காக அது பிடித்துப்போய்விடவும் இல்லை.

சான்றுவழி: ஒன்றை மட்டும் எடு

ரிச்சர்ட் ஜெஃப்ரி 1965-ல் வகுத்தது. எது எதை உண்டாக்குகிறது என்ற விசாரணையே இதற்கு வேண்டாம். நான் இதைச் செய்தேன் என்ற சேதி காதில் விழுந்தால் எனக்கு நல்லது நடந்திருக்க எவ்வளவு வாய்ப்பு என்று மட்டும் பார்க்கும். ஏடு 90 சதவீதம் பலிக்கும் என்றால், ஒரு உறையை எடுப்பவரின் சராசரி வரவு 2,70,000. இரண்டையும் எடுப்பவருக்கு 40,000. ஏட்டுக்கு இவ்வளவு திறமைகூட வேண்டாம். 52 சதவீதம் பலித்தாலே ஒரு உறைதான் லாபம். நியூகோம்பின் மூலக் கணக்கில் 50.05 சதவீதத்தைத் தாண்டினாலே போதும். காசைச் சுண்டிப் போடுவதைவிட ஒரு மயிரிழை மேலான ஜோசியர் வந்தாலும் கணக்கு இந்தப் பக்கம் சாய்ந்துவிடுகிறது.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. இதன் கோளாறைப் பார்க்க வேண்டுமென்றால் என் மாமனாரைப் பார்க்க வேண்டும். கும்பகோணத்திலிருந்து பெங்களூர் வந்தால் இங்கே சுகர் டெஸ்ட் எடுத்துக்கொள்வார். திங்கட்கிழமை டெஸ்ட் என்றால் சனிக்கிழமை காலையிலிருந்தே காபியில் சர்க்கரை கிடையாது. மைசூர்பாகு டப்பா மேல் அலமாரிக்குப் போய்விடும். சாயங்காலம் ஏரியைச் சுற்றி விறுவிறுவென்று நடப்பார். வெறும் வயிற்றில் எடுத்த ரிப்போர்ட் ஓரளவு நன்றாக வந்துவிடும். அதை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, "பாத்தியா மாப்ளே, சுகரெல்லாம் ஒண்ணுமில்ல" என்று சொல்லிவிட்டு மைசூர்பாகு டப்பாவை இறக்குவார்.

நல்ல ரிப்போர்ட் நல்ல உடம்புக்குச் சான்று. அதனால் ரிப்போர்ட்டை நல்லதாக்கினால் உடம்பு நல்லதாகிவிடுமா? சான்றுவழியை அப்படியே பிடித்துத் தொங்கினால் இந்த இடத்தில் கொண்டுவந்து விட்டுவிடும். 'சேதியைச் சரிக்கட்டும் வேலை' என்ற பொருளில் லூயிஸ் இதைச் சாடினார். புத்தகங்களில் இதற்குச் சொல்லும் உதாரணம் புகைப்பழக்கம். 1950-களில் புள்ளியியல் மேதை ஆர். ஏ. ஃபிஷர், புகைப்பதற்கும் நுரையீரல் புற்றுநோய்க்கும் பொதுவாக ஒரு மரபணுக் காரணம் இருக்கலாம், புகையைக் குற்றம் சொல்ல முடியாது என்று வாதாடினார். அவர் சொன்னது தப்பு. ஒரு பேச்சுக்கு அது சரி என்று வைத்துக்கொண்டால், சிகரெட்டை விடுவதால் நோயில் எந்த மாற்றமும் வராது; ஆனாலும் சான்றுவழி 'விடு, விட்டால் நல்ல சகுனம்' என்றுதான் சொல்லும். இந்தக் கோட்பாட்டை வைத்துக் கதாநாயகி ஜெயித்தால் குருட்டாம்போக்கில் ஜெயித்தாள் என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

கொள்கைவழி: எதை எடுப்பவராக இருக்கிறாய்?

மாமனாரின் டாக்டர் விவரமானவர். அடுத்த முறை வெறும் வயிற்று டெஸ்ட்டோடு எச்பிஏ1சி என்ற டெஸ்ட்டையும் எழுதிக் கொடுத்தார். சிவப்பணுக்களில் ஒட்டிய சர்க்கரையை அளப்பது அது. ஏறக்குறைய மூன்று மாதச் சராசரி அதில் வந்துவிடும். சனி, ஞாயிறு விரதமெல்லாம் அதனிடம் எடுபடவில்லை. மனுஷன் இரண்டு நாள் என்ன செய்தார் என்று அது பார்க்கவில்லை, எப்படிப்பட்ட ஆளாக இருந்தார் என்று பார்த்துவிட்டது.

மூன்றாவது கோட்பாடு இந்த இடத்தில்தான் வந்து நிற்கிறது. 2010-ல் செயற்கை நுண்ணறிவு ஆய்வாளர் எலியேசர் யுட்கோவ்ஸ்கி காலத்துக்குக் கட்டுப்படாத முடிவுக் கோட்பாடு என்று ஒன்றை எழுதினார். 2017-ல் நேட் சோரஸும் அவரும் சேர்ந்து அதைத் திருத்தி வேறு பெயரில் வெளியிட்டார்கள். அடிப்படை யோசனை எளிது. உங்கள் முடிவு என்பது ஒரு கணக்குக்கு வரும் விடை. ஓனரம்மாவின் ஏடு உண்மையாகவே உங்களைப் படித்திருந்தால், நேற்று ராத்திரி அதே கணக்கைத்தான் அங்கேயும் போட்டுப் பார்த்திருக்கிறது. ஒரே கணக்கை நேற்று அல்சூரில் போட்டாலும் இன்று உங்கள் தலைக்குள் போட்டாலும் விடை ஒன்றுதான். ஆகவே 'இப்போது எதை எடுக்கலாம்' என்று யோசிக்காதே. 'இந்தக் கணக்குக்கு எந்த விடை இருந்தால் நல்லது' என்று யோசி. ஒட்டிய உறை மட்டும் என்பதே விடையானால், நேற்றும் அந்த விடைதான் வந்திருக்கும், காசோலை உள்ளே இருக்கும். காலம் பின்னோக்கி ஓட வேண்டிய அவசியமே இல்லை.

இதைக் கேட்டதும் நம் ஊர் வேண்டுதல்தான் எனக்கு நினைவுக்கு வந்தது. பையனுக்கு வேலை கிடைத்தால் திருப்பதிக்கு வந்து மொட்டை போட்டுக்கொள்கிறேன் என்று அம்மா வேண்டிக்கொள்கிறாள். வேலை கிடைத்துவிட்டது. ஆஃபர் லெட்டர் கையில், முதல் மாதச் சம்பளமும் வந்தாயிற்று. இப்போது காரணவழிக்காரர் வீட்டுக்கு வந்தால் என்ன சொல்வார்? "கிடைத்தது கிடைத்துவிட்டது, இனிமேல் முடியை இறக்குவதால் என்ன ஆகப்போகிறது?" தர்க்கத்தில் பிழையில்லை. ஆனால் எந்த வீட்டிலும் அந்தப் பேச்சு எடுபடாது. பஸ் டிக்கெட்டோ ரயில் டிக்கெட்டோ போட்டுவிடுவார்கள். காரியம் முடிந்ததும் கணக்குப் போட்டு நழுவுகிற ஆளாக இருந்தால், முதலில் வேண்டிக்கொண்டதே வேண்டுதல் இல்லை, வாய் வார்த்தை. கேட்கிறவர் உள்ளே பார்க்கத் தெரிந்தவர் என்று நம்புகிறபோது, பின்னால் கொடுக்கப்போகிறவருக்குத்தான் முன்னால் கிடைக்கும். இதை நன்றி என்று சொல்வார்களே தவிர கணக்கு என்று எங்கள் அம்மா ஒத்துக்கொள்ள மாட்டார், அது வேறு விஷயம்.

டெரெக் பார்ஃபிட் 1984-ல் சொன்ன பாலைவனக் கதையும் இந்த அச்சில்தான் இருக்கிறது. பாலைவனத்தில் வண்டி நின்றுபோன ஒருவர். அந்த வழியே வரும் இன்னொருவர், 'ஊருக்குப் போனதும் பணம் தருகிறேன் என்று நிஜமாகவே நினைத்தால் ஏற்றிக்கொள்கிறேன்' என்கிறார். வருபவருக்கு முகத்தைப் பார்த்தே பொய் தெரியும். ஊர் வந்து சேர்ந்த பிறகு பணம் கொடுக்க வேண்டிய கட்டாயம் ஏதும் இல்லை. ஆனால் அப்போது கொடுக்காமல் நழுவுகிற புத்தி உள்ளவரை அவர் வண்டியில் ஏற்றியிருக்கவே மாட்டார்.

இது வரைக்கும் மூன்றாவது கோட்பாட்டுக்குத்தான் என் ஓட்டு. ஆனால் இதன் ஆதரவாளர்கள் அவ்வளவாகப் பேசாத ஓட்டை ஒன்று இருக்கிறது. பெங்களூரில் வீடு தேடினால் அது உடனே கண்ணில் படும்.

டு-லெட் போர்டைப் பார்த்து மாடிப்படி ஏறுகிறீர்கள். ஓனர் கதவைப் பாதி திறந்து, கம்பிக் கதவைத் திறக்காமலே கேட்கிறார்: ஃபேமிலியா, பேச்சுலரா? எந்த ஊரு? வெஜ்ஜா, நான்-வெஜ்ஜா? எங்கே வேலை? இந்த நான்கு பதில்களை வைத்து நீங்கள் எத்தனை வருஷம் இருப்பீர்கள், வாடகை தேதிக்கு வருமா, சுவரில் ஆணி அடிப்பீர்களா என்று முடிவு கட்டிவிடுகிறார். அவர் கணிப்பு பல சமயம் சரியாகவும் இருக்கலாம். ஆனால் அந்தக் கணிப்பில் நீங்கள் எங்கே இருக்கிறீர்கள்? மூன்று வருஷம் கண்டிப்பாக இருப்பேன் என்று நீங்கள் மனசுக்குள் எடுத்த உறுதி அவர் கணக்கில் எந்த வரியிலும் இல்லை. உங்கள் கணக்கை அவர் போட்டுப் பார்க்கவே இல்லை. உங்களைப் போன்றவர்கள் என்று அவர் நினைக்கிறவர்களின் சராசரியைத்தான் போட்டிருக்கிறார். அந்த ஆளிடம் நீங்கள் எவ்வளவு நல்ல கொள்கை வைத்திருந்தாலும் அது நேற்றைக்குப் போய்ச் சேராது. அங்கே காரணவழிதான் சரி: உறை ஒட்டியாயிற்று, இரண்டையும் எடு.

அதே தெருவில் இன்னொரு ஓனர் இருக்கிறார். அவர் சாதி, சாப்பாடு எதுவும் கேட்கவில்லை. முன்பு இருந்த வீட்டு ஓனரின் ஃபோன் நம்பரை மட்டும் வாங்கிக்கொள்கிறார். இவர் படிப்பது உங்களை. சிபில் ஸ்கோரும் இந்த ஜாதிதான்; 300-லிருந்து 900 வரை போகும் அந்த எண்ணில் நீங்கள் கட்டிய, கட்டாமல் விட்ட தவணைகள் இருக்கின்றன. உங்கள் மாவட்டமோ மீன் குழம்போ அதில் இல்லை. இப்படிப்பட்டவர்களிடம் கொள்கைவழி வேலை செய்யும்.

ஆகவே 90 சதவீதம் பலிக்கிறது என்ற தகவல் மட்டும் ஒன்றுக்கும் உதவாது. சான்றுவழிக்கு அந்த எண்ணே போதும், அதனால்தான் அது இரண்டு ஓனர்களையும் ஒரே தட்டில் வைத்துவிடுகிறது. எதைப் பார்த்துப் பலிக்கிறது என்று தெரிந்தாக வேண்டும்.

நண்பரிடம் இதைத்தான் முதலில் கேட்டேன்: உன் ஓனரம்மாவின் ஏடு எதைப் படிக்கிறது? அவர் வைத்தீஸ்வரன்கோயில் நாடி ஜோதிடத்தை மனசில் வைத்து எழுதியிருக்கிறார். அங்கே ஆண்களுக்கு வலது கட்டைவிரல், பெண்களுக்கு இடது கட்டைவிரல் ரேகையை வாங்கிக்கொண்டு உள்ளே போய்க் கட்டோடு வருவார்கள். பிறகு ஏடு படிப்பவர் ஒவ்வொன்றாகக் கேட்பார்: உங்களுக்கு அண்ணன் உண்டா? அப்பா பெயர் இந்த எழுத்தில் தொடங்குகிறதா? ஆமாம், இல்லை என்று நாம் சொல்லச் சொல்ல ஏடு தள்ளுபட்டு நமக்கான ஏட்டில் வந்து நிற்கும். நம்புகிறவர்கள் நம்பட்டும், இங்கே எனக்கு வேண்டியது அதன் அமைப்பு மட்டும். ரேகையை வைத்து வகை பிரிப்பதோடு ஏடு நின்றுவிட்டால் அது முதல் ஓனர். கதாநாயகியோடு பேசிப் பேசி, அவள் எப்படி யோசிக்கிறாள் என்று தெரிந்துகொண்டு தேடினால் அது இரண்டாவது ஓனர். நண்பர் இதை யோசித்திருக்கவில்லை. இரண்டு பக்கம் எழுதியதை அடித்துவிட்டு, ஓனரம்மா முதல் நாள் கதாநாயகியோடு ஒரு பை-டூ காபி குடித்தபடி ஒரு மணி நேரம் பேசுவதாக மாற்றியிருக்கிறார்.

பின்னீர்ப்பு: முடிவு நேற்றைத் தொடும்

நண்பரின் கோட்பாட்டில் ஏடு ஒரு கண்துடைப்பு. ஓனரம்மா எதையும் கணிக்கவில்லை. கதாநாயகி இன்று ஒட்டிய உறையை மட்டும் எடுக்கும் அந்தச் செயலே நேற்று ராத்திரி காசோலையை உள்ளே வைக்கிறது. படிக்க சுகமாக இருக்கிறது. நாம் எல்லோரும் பாதி நம்பிக்கொண்டிருப்பதும் இதைத்தான். பிளஸ் டூ ரிசல்ட்டுக்கு முந்தின நாள் ராத்திரி சாமி படத்துக்கு முன்னால் நிற்கிறோமே, பேப்பர் திருத்தி மார்க் ஏற்றி முடித்து எத்தனையோ நாளான பிறகு? அது நடக்கப்போவதற்கான வேண்டுதல் இல்லை, நடந்து முடிந்ததற்கான வேண்டுதல்.

தத்துவத்தில் இதை மைக்கேல் டம்மெட் 1964-ல் தீவிரமாக எடுத்துக்கொண்டார். அவர் கற்பனை செய்த ஒரு குலத்தில் இளைஞர்கள் சிங்க வேட்டைக்குப் போகிறார்கள்: போக இரண்டு நாள், வேட்டை இரண்டு நாள், திரும்ப இரண்டு நாள். அவர்கள் வீரமாக நடந்துகொள்ள வேண்டும் என்று தலைவர் ஆறு நாளும் நடனம் ஆடுகிறார். வேட்டை நான்காம் நாளே முடிந்துவிட்டது. கடைசி இரண்டு நாள் ஆட்டம் எதற்கு? அதை மடத்தனம் என்று நிரூபிப்பது நினைப்பதுபோல அவ்வளவு சுலபமில்லை என்று டம்மெட் காட்டினார். ஒரு நிபந்தனை மட்டும்: வேட்டையில் என்ன நடந்தது என்று தலைவருக்கு வேறு வழியில் தெரிந்துவிடக் கூடாது.

அந்த நிபந்தனை எதற்கு என்றால், 1956-லேயே மேக்ஸ் பிளாக் ஒரு வெடியை வைத்துவிட்டார். விளைவு முன்னாலேயே நடந்துவிட்டது என்று பார்த்துக்கொள். பிறகு காரணத்தைச் செய்யாமல் விட்டுவிடு. என்ன ஆகும்? நம் கதையில் ஒட்டிய உறையைக் கண்ணாடி உறையாக்கினால் போதும். கதாநாயகி உள்ளே காசோலையைப் பார்க்கிறாள். பார்த்துவிட்டு இரண்டையும் எடுக்கிறாள். இப்போது காசோலையை நேற்று வைத்தது எது?

தப்பிக்க எழுத்தாளருக்கு மூன்று வழி. அவள் கை இரண்டாவது உறைக்குப் போகும் ஒவ்வொரு முறையும் ஏதாவது தடங்கல் வரும்: காலிங் பெல், கரண்ட் கட், தண்ணீர் லாரி. இது ஊழ் கதை. நமக்குப் பழக்கப்பட்டது, நன்றாகவும் ஓடும், ஆனால் அவள் முடிவுக்கு அதில் மதிப்பு போய்விடும். இரண்டாவது, காசோலை கண்முன்னாலேயே வெள்ளைத்தாளாக மாறி, அவள் நினைவும் மாறிவிடுவது. இது ஏமாற்று, வாசகர் புத்தகத்தை மூடிவிடுவார். மூன்றாவது டம்மெட் வழி: பார்க்காத வரைக்கும்தான் பின்னீர்ப்பு வேலை செய்யும். அப்படியென்றால் கண்ணாடி உறையே கதையில் வரக் கூடாது. நான் மூன்றாவதைச் சொன்னேன். நண்பருக்குக் கண்ணாடி உறையை விட மனசில்லை.

இயற்பியலைத் துணைக்குக் கூப்பிட்டார். ஜான் வீலரும் ரிச்சர்ட் ஃபைன்மனும் 1945-ல் காலத்தில் பின்னோக்கிச் செல்லும் அலைகளையும் சேர்த்துக் கணக்குப் போட்டது உண்மை. வீலர் 1978-ல் தாமதத் தேர்வு என்ற சோதனையை முன்வைத்தார்: ஒளித்துகள் கருவிக்குள் நுழைந்த பிறகு, அதை அலையாக அளப்பதா துகளாக அளப்பதா என்று முடிவு செய்தால் என்ன ஆகும்? 2007-ல் பிரான்ஸில் அதைச் செய்தும் பார்த்தார்கள், குவான்டம் கணக்கு சொன்னபடியே வந்தது. ஆனால் அதை வைத்து நேற்றைக்கு ஒரு மிஸ்டு கால்கூடக் கொடுக்க முடியாது. பின்னோக்கிய காரணம் என்று அதைப் படிக்கலாம், படிக்காமலும் விடலாம். எந்தப் படிப்பிலும் காசோலை உறைக்குள் குதிக்காது. கதையில் ஒரு விஞ்ஞானி இதைப் பேசினால் பேசிவிட்டுப் போகட்டும், ஆதாரம் என்று சொல்லாமல் இருந்தால் சரி.

பின்னீர்ப்பு இல்லாமலே அது தரும் லாபம் முழுவதையும் மூன்றாவது கோட்பாடு தந்துவிடுகிறது. கண்ணாடி உறையில் காசோலை தெரியும்போதும் அது 'ஒன்றை மட்டும் எடு' என்றே சொல்லும் என்பது பலருக்கு உறுத்தும். எனக்கும் உறுத்தியது. பிறகு யோசித்தால், ஆஃபர் லெட்டரைக் கையில் வைத்துக்கொண்டு திருப்பதிக்கு டிக்கெட் போடும் அம்மாவும் அதைத்தான் செய்கிறாள். கண்ணாடி வழியே காசோலை தெரிகிறது. அதற்குப் பிறகும் 10,000 ரூபாயை மேசையிலேயே விட்டுவிட்டு வருகிறாள்.

எனவே நண்பருக்கு நான் சொன்னது: கதாநாயகிக்குக் கொள்கைவழியைக் கொடு. பின்னீர்ப்பு ஓனரம்மாவின் நம்பிக்கையாக இருக்கட்டும். அது உண்மையா பொய்யா என்று நீ தீர்ப்பு சொல்லாதே. காரணவழியைக் கணவனுக்குக் கொடு. அவன் கதை முழுக்கச் சரியாகப் பேசி, கதை முழுக்கக் காசில்லாமல் இருப்பான். இரண்டு பேரும் சண்டை போட அதைவிட நல்ல காரணம் கிடைக்காது. சான்றுவழிக்கு மாமனார் இருக்கிறார், வேண்டுமானால் கும்பகோணத்திலிருந்து வரவழைக்கலாம்.

கதைக்கு வெளியே வந்தால் பேச்சு வேறு. இந்த ஊரில் நம் பிள்ளைகளுக்கு அடிக்கடி வரும் முடிவு ஒன்று: 90 நாள் நோட்டீஸ் ஓடிக்கொண்டிருக்கிறது, ஓர் ஆஃபரை ஒத்துக்கொண்டாயிற்று, அறுபதாவது நாள் அதைவிடப் பெரிய ஆஃபர் வருகிறது. முதல் இடத்துக்குக் கொடுத்த வார்த்தையை விடலாமா? 'எல்லாரும்தான் விடுகிறார்கள்' என்பது ஒரு பக்கம், 'பேர் கெட்டுவிடும்' என்பது இன்னொரு பக்கம். நான் கேட்பது ஓனரிடம் கேட்ட அதே கேள்வியைத்தான். எச்.ஆர். உன்னைப் படித்து அந்த ஆஃபரைக் கொடுத்தாரா, உன் வகையைப் படித்தா? பழைய மேனேஜர் பெயர் சொல்லிச் சிபாரிசு செய்து, 'இவன் சொன்னால் வருவான்' என்ற நம்பிக்கையில் வந்த ஆஃபர் என்றால், அதில் உன் முடிவு ஏற்கெனவே எண்ணப்பட்டிருக்கிறது. அவர்கள் எண்ணிய அந்த விடையாகவே உன்னால் இருக்க முடியும், இருப்பதுதான் லாபமும். வேலைத் தளத்தில் ரெஸ்யூமே பார்த்து, நூறு பேருக்கு அனுப்பினால் இத்தனை பேர் வர மாட்டார்கள் என்று முன்கூட்டியே கழித்துக்கொண்டு அனுப்பிய ஆஃபர் என்றால், அந்தக் கழிவில் நீ வருவதும் வராததும் எண்ணப்படவில்லை. அங்கே இந்தக் கோட்பாடு உன்னைத் தடுக்காது. வார்த்தை மாறக் கூடாது என்று தோன்றினால் அதற்கு வேறு காரணம் இருக்க வேண்டும், இருக்கவும் இருக்கிறது. ஆனால் அது ஏட்டிலிருந்தோ உறையிலிருந்தோ வராது.